அழைப்பிதழ்களின் பின்பக்கம்

என் மகள் ஜெர்மன் மொழி படித்தது கல்யாணத்துக்காக. மாப்பிள்ளைக்கு அந்த நாட்டில் வேலை. போய் இறங்கியதும் கடையில் பால் கேட்டு வாங்கவாவது தெரிய வேண்டும் என்று, கரமனையில் வீட்டிலேயே வகுப்பு நடத்தும் ஓய்வுபெற்ற பேராசிரியை ஒருவரிடம் சேர்த்துவிட்டோம். கல்யாணம் நடக்கவில்லை. ஜெர்மன் மட்டும் வீட்டில் தங்கிவிட்டது.

முகூர்த்தத்துக்கு இருபது நாள் இருக்கும்போது போன் வந்தது. பையனுக்கு இப்போது மனம் இல்லை என்றார்கள். அதற்கு மேல் ஒரு காரணமும் சொல்லவில்லை. அவள் அதற்குள் வேலையை விட்டிருந்தாள். அறுநூறு அழைப்பிதழ் அச்சடித்திருந்தோம். இருநூறு கொடுத்து முடித்திருந்தோம். அந்த இருநூறு வீட்டுக்கும் நானே ஒவ்வொன்றாகப் போன் செய்து, வர வேண்டாம் என்று சொன்னேன். மிச்சம் நானூறும் அட்டைப்பெட்டியில் எங்கள் கட்டிலுக்கு அடியில் இருந்தன. என் மனைவி நான்கு மூலையிலும் மஞ்சள் தடவி வைத்த அட்டைகள். மேலே பிள்ளையார். குப்பையில் போட முடியாது, எரிக்கவும் மனம் வராது. என்ன செய்வது என்று நாங்கள் பேசிக்கொள்ளவில்லை. பெருக்கும்போது என் மனைவி அந்தப் பெட்டியைச் சுற்றி மட்டும் பெருக்குவாள்.

அதன் பிறகு ஒரு நாள் மகள் காலையில் வெளியே போனாள். போன் அணைந்திருந்தது. மாலை நான்கு மணிக்குக் கணுக்கால் வரை நனைந்த சுடிதாரோடு திரும்பி வந்தாள். எங்கே போனாய் என்று கேட்டதற்கு, "விழிஞ்ஞம். கப்பல் பாக்க," என்று சொல்லிவிட்டு அறைக்குள் போய்விட்டாள். புதுத் துறைமுகத்துக்கு வருகிற பெரிய கப்பல்களைப் பார்க்க ஊரே போகிறதுதான். ஆனாலும் அந்த ஏழு மணி நேரம் எனக்கு இன்னும் முடியவில்லை. அவள் அங்கே எதற்குப் போனாள் என்று கேட்க எனக்கு வாய் வரவில்லை. கேட்டால் பதில் வந்துவிடுமோ என்ற பயம். அன்றிலிருந்து அவள் அறைக் கதவுக்கு வெளியே போகும்போதெல்லாம் என் கால் தானாக மெதுவாகும்.

அப்படி இருக்கும்போதுதான் மூன்று புத்தகங்கள் வீட்டுக்கு வந்தன. டீச்சர் எழுதியவை. பேராசிரியையானாலும் இந்த ஊரில் பாடம் சொல்லித் தருகிற பெண்கள் எல்லாரும் டீச்சர்தான். ஒன்று இலக்கிய விமர்சனம் பற்றியது. இன்னொன்று பத்திரிகைகளில் கவிதைகளுக்குப் போடப்படும் படங்களைப் பற்றியது. மூன்றாவது ஜெர்மன் நாவல்கள், கதைகள் பற்றியது. மூன்றும் தமிழில். பழைய அச்சு, தைத்த முதுகு பிரிந்து நூல் தொங்கியது. கடைகளில் கிடைக்காமல் போய்ப் பல வருஷம் ஆகிவிட்டதாம். இப்போது நாகர்கோவில் பக்கம் ஒரு பதிப்பகத்தார் மூன்றையும் ஒரே நூலாகப் போடுகிறார்கள் என்றும், அதில் டீச்சருக்கு ஏதோ உதவி செய்கிறேன் என்றும் அவள் சொன்னாள். என்ன உதவி என்று சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை. கேட்காமல் இருப்பதுதான் நல்ல அப்பாவின் வேலை என்று அப்போது நினைத்திருந்தேன்.

நான் நில அளவை அலுவலகத்தில் டிராப்ட்ஸ்மேன். வயல், வரப்பு, ஓடை, கிணறு என்று இருபத்தெட்டு வருஷமாகக் கோடு போடுகிறவன். இலக்கியம் படித்தவன் இல்லை. ஆனால் படம் என்ற சொல் இருந்ததால் இரண்டாவது புத்தகத்தைக் கையில் எடுத்தேன். எடுத்தவன் வைக்கவில்லை.

அதில் ஒரு இடம். மழையைப் பற்றிய ஒரு கவிதைக்கு ஓவியர் மழையையே வரையவில்லை. கொடியில் ஒரு சட்டை, அதன் கைநுனியில் ஒரு சொட்டு. அவ்வளவுதான். அந்தச் சொட்டைப் பற்றி மட்டும் டீச்சர் நான்கு பக்கம் எழுதியிருந்தார். எனக்கு முதலில் சிரிப்பு வந்தது. எங்கள் வேலையில் கிணறு இருந்தால் கிணறுதான் வரைய வேண்டும். கிணற்றுக்குப் பதிலாக ஈர வாளியை வரைந்து கொடுத்தால் மேலதிகாரி விளக்கம் கேட்பார், பக்கத்து நிலத்துக்காரர் கேஸ் போடுவார். ஆனால் மறுநாள் அலுவலகத்தில் ஒரு ஓடையை மையில் இழுத்துக்கொண்டிருந்தபோது, இந்த ஓடை இருப்பதை ஓடையை வரையாமல் எப்படிக் காட்டலாம் என்று யோசித்து, டிரேசிங் பேப்பரின் ஓரத்தில் கரையில் கழற்றி வைத்த செருப்பு ஒன்றை வரைந்தேன். பக்கத்து மேஜைக்காரர் எட்டிப் பார்த்தார். "எந்தா சாரே, செருப்புக்கும் சர்வே நம்பர் உண்டோ?" என்று மலையாளத்தில் கேட்டார்.

அன்று மாலை அவளிடம் கேட்டேன். "டீச்சர் சொல்லுகது சரிதானா மக்களே? கவிதைல இருக்குததப் படத்துல போடக் கூடாதா?"

"கவித சொல்லியாச்சுல்லா. அதையே படமும் சொன்னா ரெண்டுல ஒருத்தருக்கு வேலை இல்லல்லா?"

"அப்ப கவிதைக்கும் படத்துக்கும் சம்பந்தம் எப்படித் தெரியும்?"

"அது படிக்கவன் பாடு. உங்கள மாதிரி ஆளுக்கு எல்லாத்துக்கும் எல்லைக்கல் வேணும்."

மூன்று மாதத்தில் அவள் என்னைக் கேலி செய்தது அதுதான் முதல் தடவை. நான் அதை ஒரு நல்ல சேதியாக மனதில் வைத்துக்கொண்டேன். ஒரே ஆள் எதற்கு விமர்சனம், கவிதைப் படம், ஜெர்மன் கதை என்று ஒன்றுக்கொன்று ஒட்டாத மூன்றைப் பற்றி எழுத வேண்டும் என்ற யோசனை மட்டும் போகவில்லை. மற்ற இரண்டையும் படிக்க வேண்டும் என்று நினைத்துக்கொண்டேன்.

அதற்குள் அந்த இரண்டாம் சனிக்கிழமை வந்தது.

அலுவலகம் விடுமுறை. அவள் காலையிலேயே டீச்சர் வீட்டுக்குப் போயிருந்தாள். செருப்புப் படத்தை இன்னொரு தடவை வரைந்து பார்க்கலாம் என்று பென்சில் தேடி அவள் அறைக்குள் போனேன். மேஜையில் அகராதிக்கு அடியில் ரப்பர் பேண்ட் போட்ட சின்ன அட்டைக் கட்டு ஒன்று இருந்தது. மேல் அட்டையில் அவள் கையெழுத்தில் ஒரே சொல், தந்தை. பக்கத்தில் ஒரு கேள்விக்குறி. வேறு ஒன்றும் இல்லை.

ரப்பர் பேண்டைக் கழற்றினேன். அடுத்த அட்டையில் தப்பித்தல், 61. அதற்கடுத்து தனிமை, 12, 33. பிறகு தாய், அவளிடம் மறைத்தல், 64. திருமணம், முறிந்த, 72. துயரம், காரணம் சொல்லாத, 77. நஞ்சு, 88. நீர், மூழ்குதல், 91.

எண்கள் என்ன என்று புரியவில்லை. நாட்கணக்கா? பஸ் நம்பரா? அட்டையைத் திருப்பினேன். பின்பக்கத்தில் சிவப்பு எழுத்தில் "திருவளர்ச்செல்வி" என்று பாதி வரி. அடுத்ததைத் திருப்பினேன். மண்டபத்தின் பெயரில் பாதி. இன்னொன்றின் மூலையில் மஞ்சள்.

எங்கள் கட்டிலுக்கு அடியில் குனிந்து பெட்டியை இழுத்தேன். கனமில்லாமல் வந்தது. முக்கால்வாசி காலி.

அவள் போனுக்கு அடித்தேன். அணைந்திருந்தது.

சமையலறையில் என் மனைவி வெண்டைக்காய் நறுக்கிக்கொண்டிருந்தாள். "பிள்ள எப்ப வாறேன்னு சொன்னா?" என்று கேட்டேன்.

"மதியச் சோத்துக்கு. ஏன், முகம் என்னத்துக்கு வெளுத்துக் கெடக்கு?"

"ஒண்ணுமில்ல. சாலைக் கடைத்தெரு வரைக்கும் போயிட்டு வாறேன்."

"போற போக்குல நல்ல புளி அரைக் கிலோ வாங்கிட்டு வாங்க."

கட்டைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு ஓடினேன். முதலில் வந்த ஆட்டோவை நிறுத்தி ஏறிவிட்டேன். ஏறிய பிறகுதான் எங்கே என்று அவன் கேட்டான். விழிஞ்ஞம் என்று சொல்லத்தான் வாய் போனது. டீச்சர் வீட்டில் இருக்கிறாளா என்று முதலில் பார்ப்போம் என்று கரமனை என்றேன். கிள்ளிப்பாலத்தில் சிக்னல் விழுந்தது. ஒரு சிவப்பு விளக்கு அவ்வளவு நேரம் எரிந்து நான் பார்த்ததில்லை. பையில் அந்த அட்டைகள் நெஞ்சில் குத்திக்கொண்டிருந்தன. கேள்விக்குறி போட்ட அட்டையை நினைத்தேன். எனக்கு எழுதுவதற்கு அவளிடம் ஒன்றுமே இல்லையா?

டீச்சர் வீட்டுக் கதவு திறந்தே இருந்தது. கூடத்தில் தரையில் கால் நீட்டி உட்கார்ந்து என் மகள் கத்தரிக்கோலால் அழைப்பிதழ் வெட்டிக்கொண்டிருந்தாள். ஒரு பக்கம் அளவாக வெட்டிய அட்டைகள். இன்னொரு பக்கம் ஒரு தாம்பாளத்தில் தனியாக வெட்டி எடுத்த பிள்ளையார்கள், நூற்றுக்கணக்கில். நாற்காலியில் டீச்சர் பூதக்கண்ணாடியோடு இருந்தார்.

என்னைப் பார்த்ததும் அவள் கத்தரிக்கோலைக் கீழே போட்டாள். "எப்பா! அம்மைக்கு என்னாச்சு?"

"அம்மைக்கு ஒண்ணுமில்ல. போனு..."

"போன் அதோ அந்தப் படிக்குள்ள இருக்கு," என்றார் டீச்சர். பித்தளைப் படி ஒன்று அலமாரியில் இருந்தது. "இந்த ஆத்துல வேலை பண்றச்சே போன் கிடையாது. வாங்கோ, ஒக்காருங்கோ. என்ன இப்படி மூச்சு வாங்கறது?"

நான் உட்காரவில்லை. சட்டைப்பையிலிருந்து கட்டை எடுத்து நீட்டினேன். "இது என்னது மக்களே?"

அவள் வாங்குவதற்குள் டீச்சர் எட்டிப் பறித்துக்கொண்டார். "பாத்தியாடி! த-வும் ந-வும் வந்துடுத்து. காலம்பறலேர்ந்து இதத்தான் தேடிண்டிருக்கோம். இவ வழில போட்டுட்டேன்னு அழாத குறை." பிறகு என் முகத்தைப் பார்த்துப் பேச்சை நிறுத்தினார்.

என் மகள் அவர் கையிலிருந்த கட்டை வாங்கி முதல் நாலைந்து அட்டைகளைப் பார்த்தாள். என்னைப் பார்த்தாள். மறுபடியும் அட்டையைப் பார்த்தாள். நான் எந்த வரிசையில் என்னென்ன படித்திருப்பேன் என்று அவளுக்குத் தெரிந்துவிட்டது.

"எப்பா, இது இன்டெக்ஸ்ப்பா," என்றாள் மெதுவாக. "டீச்சர் புக்குக்கு. எந்த விஷயம் எந்தப் பக்கத்துல வருதுன்னு. கடைசில போடுவாங்கல்லா, அது. அகர வரிசையில அடுக்கணும்."

எங்கள் அலுவலகத்தில் கிராமப் படங்களுக்கு அப்படிப்பட்ட அடைவு இருக்கிறது. நானே ஒன்று எழுதியிருக்கிறேன். தினமும் அதைத் திறந்துதான் வேலையே தொடங்குவோம். அது எனக்கு அந்த அறையில் நினைவுக்கு வரவே இல்லை.

"ஜெர்மன் கதைல நஞ்சும் ஜலமும் வந்தா அதுக்கு நானா பொறுப்பு?" என்றார் டீச்சர். "அந்த ஊர்க் குளிர் அப்படி. நல்ல வேளை, ம வரிசை உங்க கண்ல படலை. அதுல மரணம் மட்டும் ஆறு அட்டை." யாரும் சிரிக்கவில்லை. அவர் எழுந்து, "காப்பி போடறேன்," என்று உள்ளே போனார். நெடுநேரம் வரவில்லை. ஒரு காப்பிக்கு அவ்வளவு நேரம் ஆகாது.

நான் தரையில் அவள் பக்கத்தில் உட்கார்ந்தேன்.

"இந்தக் கார்டு எதுக்கு மக்களே? வேற பேப்பரா கிடைக்கல?"

"டீச்சர் எப்பவும் கல்யாணக் கார்டுலதான் குறிப்பு எழுதுவாங்க. நல்ல தடி அட்டை, பின்னால வெள்ளை. மூணு புக்குக்கும் அப்படித்தானாம். அலமாரி பூரா யார் யார் கல்யாணமோ இருக்கு. கார்டு தீந்து போச்சுன்னாங்க. என்ட்ட நானூறு இருக்கு டீச்சர்னு சொன்னேன்."

"எங்ககிட்ட ஒரு வார்த்தை..."

"என்னத்தச் சொல்ல? நீங்க ரெண்டு பேரும் தினமும் அதுக்கு மேல படுத்து எந்திரிக்கிய. ஒருத்தரும் தொட மாட்டிய. நான் தொட்டா அழுவிய." ஒரு பிள்ளையாரை எடுத்துத் தாம்பாளத்தில் நேராக வைத்தாள். "சாமிய மட்டும் வெட்டாம எடுத்திருக்கேன். அம்மைட்ட சொல்லிருங்க."

திரும்பும்போது சிட்டி பஸ்ஸில் சேர்ந்து உட்கார இடம் கிடைத்தது. பக்கத்தில் உட்கார்ந்து இருவரும் முன்னால் பார்த்துக்கொண்டு வந்தோம். முகத்தைப் பார்க்க வேண்டியதில்லை என்பதால்தான் கேட்க முடிந்தது என்று நினைக்கிறேன்.

"அன்னைக்கு விழிஞ்ஞத்துக்கு எதுக்குப் போன?"

கண்டக்டர் சீட்டுக் கொடுத்துவிட்டுப் போனார்.

"எதுக்குன்னு எனக்கே தெரியாதுப்பா. வீட்ல இருக்க முடியல. போய் நின்னேன். தண்ணி கால்ல பட்டுச்சு. ஒரு கப்பல் வந்துச்சு, அசையவே இல்லாத மாதிரி இருந்துச்சு, ஆனா பெருசாயிட்டே வந்துச்சு. அது வந்து சேருத வரைக்கும் பாப்போம்னு இருந்தேன். அதுக்கு மூணு மணி நேரமாச்சு. பெறகு பசிச்சுது. வந்துட்டேன்."

"இனி அப்படித் தோணுச்சுன்னா..."

"சொல்லுதேன்." பிறகு, "நீங்களும் கேளுங்க. கதவுக்கு வெளில நின்னுட்டுப் போகாதீங்க. நிழல் உள்ள தெரியுது," என்றாள்.

புளி வாங்க மறந்துபோனேன். அதற்கு வீட்டில் தனியாகத் திட்டு கிடைத்தது.

கேள்விக்குறி அட்டையைப் பற்றி வீட்டுக்கு வந்த பிறகு கேட்டேன். ஜெர்மன் கதைகளில் தாய்மாரைப் பற்றி டீச்சர் நிறைய எழுதியிருக்கிறார், தந்தையரைப் பற்றித் தனியாக ஒன்றும் எழுதவில்லை, ஆனால் எங்கோ இருக்கிறார்கள் என்று தோன்றுகிறது, தலைப்பு வைப்பதா வேண்டாமா என்று முடிவாகவில்லை என்றாள். "வேணும்னா நீங்க தேடிப் பாருங்க. எல்லக் கோடு போடுத உங்களுக்குத்தான் கண்ணு ஓரத்துலயே இருக்குமே."

அப்படித்தான் நான் மற்ற இரண்டு புத்தகங்களையும் படித்தேன். ஜெர்மன் புத்தகம் முதலில் கடினமாக இருந்தது. ஒரு ஆள் அறையை விட்டு வெளியே போவதா வேண்டாமா என்பதற்கே பத்துப் பக்கம் யோசிக்கிறான் என்று டீச்சர் ஒரு கதையைச் சொல்கிறார். மகன் கடிதம் எழுதுகிறான், மகள் ஜன்னலில் நிற்கிறாள், தாய் அழுகிறாள். நான் பென்சிலோடு அப்பாக்களைத் தேடினேன். இருந்தார்கள். ஒருவர் அடுத்த அறையில் இருமுகிறார். ஒருவர் மாடிப்படியில் பாதியில் நின்று திரும்பிப் போகிறார். ஒருவர் கடிகாரத்துக்குச் சாவி கொடுக்கிறார், அந்த வீட்டில் அன்று அவ்வளவு நடந்திருக்கிறது, அவர் சாவி கொடுக்கிறார். டீச்சர் அந்த வரிகளைக் கதைச் சுருக்கமாகச் சொல்லிவிட்டு மேலே போய்விடுகிறார். என்னால் அப்படிப் போக முடியவில்லை. அந்த மனிதர்களுக்கு என்ன பயம் என்று எனக்குத் தெரிந்திருந்தது. சொட்டும் சட்டையை மட்டும் வரைந்த ஓவியரும் நினைவுக்கு வந்தார். மூன்று புத்தகத்துக்கும் ஒட்டு எங்கே என்று அப்போது கொஞ்சம் புரிந்த மாதிரி இருந்தது. ஓரத்தில் இருப்பதைப் பார்க்கிறவர் டீச்சர். அப்படிப் பார்த்தும் தவறவிட்டிருக்கிறார் என்பதுதான் எனக்கு வியப்பு.

பதினாறு பக்க எண்களோடு அட்டையைக் கொடுத்தேன். அவள் ஒவ்வொன்றாகச் சரிபார்த்தாள்.

"இதுல மூணு தப்பு. நூத்திப் பன்னெண்டுல வாறது மாமனார். நூத்தி நாப்பதுல பாதிரியார்."

"பாதிரியார் அப்பா இல்லியா?"

"இல்ல. இந்தா, இது குதிர வண்டிக்காரன்ப்பா! எல்லாரும் உங்களுக்கு அப்பாவாத்தான் தெரியுதாங்களா?"

பதின்மூன்று நின்றது. டீச்சரிடம் காட்டியபோது அவர் பூதக்கண்ணாடியில் நெடுநேரம் பார்த்தார் என்றாள். தன்னுடைய விமர்சனப் புத்தகத்தில், ஒரு நாவலைப் பத்து வருஷம் முன்பு தான் தவறாகப் படித்ததைப் பற்றி அவரே ஒரு முழு அத்தியாயம் எழுதி அச்சிலும் போட்டிருக்கிறார். பிறர் குறையைச் சொல்வதுதான் விமர்சனம் என்று நினைத்திருந்த எனக்கு அந்த அத்தியாயம் மிகவும் பிடித்திருந்தது. அதே ஆள்தான் இப்போதும், "நான் பாக்கலை. போடு. முன்னுரையிலயும் ஒரு வரி சேக்கணும்," என்றாராம்.

வெட்டிய பிள்ளையார்கள் பூஜை அலமாரியில் ஒரு டப்பாவில் இருக்கின்றன. என் மனைவி முதலில் கோபப்பட்டாள், பிறகு எண்ணினாள், பிறகு கட்டிலுக்கு அடியிலும் பெருக்கினாள்.

அவள் போன் அணைந்திருந்தால் நான் இப்போதும் திரும்பத் திரும்ப அடித்துப் பார்க்கத்தான் செய்கிறேன். அந்தப் பழக்கம் போகும் என்று தோன்றவில்லை. போன ஞாயிற்றுக்கிழமை காலையில் அவள் செருப்பு மாட்டிக்கொண்டிருந்தாள். கதவுக்கு வெளியே நிற்காமல் உள்ளே போய்க் கேட்டேன்.

"எங்க மக்களே?"

"விழிஞ்ஞம்."

"நானும் வரட்டா?"

அவள் என்னை ஏற இறங்கப் பார்த்தாள். "வாங்க. ஆனா பேசக் கூடாது."

துறைமுகத்தின் இந்தப் பக்கம், மீன்பிடி வள்ளங்களுக்கு அப்பால் ஒரு பாறையில் உட்கார்ந்தோம். தூரத்தில் ஒரு கப்பல் இருந்தது. அது வருகிறதா போகிறதா என்று எனக்குத் தெரியவில்லை. கால் மணி நேரம் பொறுத்தேன்.

"மக்களே, அது அசையுதா?"

"பேசக் கூடாதுன்னு சொன்னேன்லா," என்றாள். பிறகு தன் செருப்பைக் கழற்றிப் பாறையில் வைத்துவிட்டு, காலைத் தண்ணீரில் விட்டுக்கொண்டு, "அசையுது. பாத்துட்டே இருங்க," என்றாள்.